முதுகில் ஏறிய பிள்ளை

ஐயா, வணக்கம்.

ஜப்பானிய எழுத்தாளர் நட்சுமே சோசெகியின் ‘பத்து இரவுக் கனவுகள்’ படித்தேன். மூன்றாம் இரவில், பார்வையற்ற ஆறு வயது மகனைத் தகப்பன் முதுகில் சுமந்து போகிறான். காட்டில் ஒரு மரத்தடிக்கு வந்ததும், “நூறு வருஷத்துக்கு முன்னால் நீதான் என்னைக் கொன்றாய்” என்கிறது பிள்ளை. அன்று அவன் பிறந்தேயிருக்க மாட்டானே! செய்யாத கொலைக்கு எதற்குத் தண்டனை?

– எஸ்.

அன்புள்ள எஸ்.,

செய்யாத கொலை என்று நீங்கள்தான் சொல்கிறீர்கள். அவன் ஓரிடத்திலும் மறுக்கவில்லை.

கதை 1908இல் வந்தது. பிள்ளை சொல்லும் வருஷம் 1808. அந்தக் கணக்கைவிட என்னை உலுக்கியது வேறோர் இடம். பிள்ளையின் பேச்சு பயமுறுத்த ஆரம்பித்ததும், எதிரே தெரியும் காட்டில் அதைப் போட்டுவிட்டுப் போய்விடலாமா என்று நினைக்கிறான். நினைத்த மாத்திரத்தில் முதுகில் ஒரு சிரிப்பு. “அப்பா, கனக்கிறேனா?” “இல்லை.” “இனிமேல் கனப்பேன்.” பழைய கொலை ஞாபகம் வருவதற்கு முன்பே, பெற்ற பிள்ளையைத் தொலைத்துவிட மனசு தயாராகிவிட்டது. அதே ஆள்தான் என்பதற்கு வேறு சாட்சி எதற்கு?

இதற்கு நெருக்கமான ஒரு நாட்டுப்புறக் கதையை, ஜப்பானில் குடியேறிய எழுத்தாளர் லஃப்காடியோ ஹெர்ன் 1894இல் பதிவு செய்திருக்கிறார். ஜப்பானின் இசுமோ பகுதியில் ஓர் ஏழைக் குடியானவன். வறுமையால், பிறந்த ஆறு பிள்ளைகளை ஒவ்வொன்றாக ஆற்றில் வீசுகிறான். கொஞ்சம் வசதி வந்த பின் பிறந்த ஏழாவதை மட்டும் வளர்க்கிறான். ஒரு நிலா இரவில் அதைத் தோட்டத்தில் தூக்கிவைத்துக்கொண்டு, என்ன அழகான ராத்திரி என்கிறான். ஐந்து மாதக் குழந்தை வாய் திறக்கிறது: போன தடவை என்னை வீசினபோதும் நிலா இப்படித்தான் இருந்தது, அப்பா.

வெறும் கற்பனை இல்லை இது. எடோ காலத்து (1603–1868) ஜப்பானில் சிசுக்கொலைக்கு ‘மபிகி’ என்று பெயர். நெருக்கமாக முளைத்த நாற்றில் சிலதைப் பிடுங்கிப் போடுவதற்கு உள்ள சொல். வயலில் தினமும் புழங்கும் சொல்லையே இதற்கும் வைத்துக்கொண்டார்கள். அந்தச் சொல்லை என்னால் இன்றும் சாதாரணமாகச் சொல்ல முடியவில்லை.

சோசெகியின் கதையில் கொல்லப்பட்டவர் ஒரு பார்வையற்ற மனிதர். ஆனாலும், நான் கொலைகாரன் என்று தகப்பனுக்கு உறைத்த அந்த நொடியில், முதுகிலிருக்கும் பிள்ளை கல் ஜிஸோவாகக் கனக்கிறது. ஜிஸோ, இறந்துபோன குழந்தைகளைக் காக்கும் போதிசத்துவர். கழுத்தில் சிவப்புத் துணி கட்டிய அவரது கற்சிலைகளை ஜப்பானில் சாலையோரம் எங்கும் பார்க்கலாம்.

தண்டனை என்று நீங்கள் கேட்டது அந்தக் கனத்தைத்தான் என்றால், உண்மை தெரியும்வரை அது அவனுக்குக் கனக்கவே இல்லை, எஸ்.