அப்பீல் நாள் தாண்டிவிட்டதா?

கேள்வி: வளவு வீட்டுப் பங்கு வழக்கில் முன்சீப் கோர்ட்டில் தோற்றோம். அப்பச்சி படுத்த படுக்கையானதால் அப்பீலுக்கு 70 நாள் தாமதம். இனி வழியே இல்லையா?
- வாசகர், காரைக்குடி

பதில்: இருக்கிறது, கவலைப்படாதீர்கள். சார்பு நீதிமன்றத்துக்கு அப்பீல் போக 30 நாள்தான், ஆனால் தீர்ப்பு நகலுக்குக் காத்திருந்த நாள்களைக் கழித்துக்கொள்ளலாம். மிச்சத்துக்கு 1963 காலவரையறைச் சட்டத்தின் 5ஆம் பிரிவில் தாமதத்தை மன்னிக்கக் கேட்டு, அப்பீலோடு சேர்த்தே மனுப் போடுங்கள். 1998இல் உச்ச நீதிமன்றம் 883 நாள் தாமதத்தையே மன்னித்திருக்கிறது, நாள் கணக்கைவிடக் காரணம் நம்பும்படி இருக்கிறதா என்பதுதான் முக்கியம் என்று. யார் பக்கம் நியாயம் என்றே பார்க்காமல் காலண்டரைக் காட்டிக் கதவைச் சாத்துவது எனக்கும் மனசு ஒப்பாத விஷயம். ஆஸ்பத்திரிச் சீட்டுகளைத் தேதிவாரியாக இணையுங்கள். சும்மா 'உடம்பு சரியில்லை' என்று ஒற்றை வரி எழுதினால் தள்ளுபடி ஆகிவிடலாம். எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொன்னால், சொன்ன தேதிக்குள் கட்டிவிடுங்கள்.