யார் எதை ஓடவிட்டார்கள்?

வணக்கம் ஐயா,

வலிகாமத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் படிப்பிக்கிறேன். பத்தாம் ஆண்டுப் பெடியள் போனில் பார்ப்பது முழுக்க இந்தியப் படப் பாட்டுத் துண்டுகளும் அரைகுறை ஆடை ரீல்சும்தான். எங்கள் காலத்தில் இரண்டு பூவை முட்டவைத்துக் காட்டிவிட்டு அடுத்த காட்சிக்குப் போய்விடுவார்கள். குடும்பமாக இருந்து பார்த்தோம். போன்தான் பிள்ளைகளைக் கெடுக்கிறது என்கிறேன். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

ஓர் ஆசிரியை

அன்புள்ள ரீச்சர்,

குடும்பமாகப் பார்த்தோம் என்பது சரி. தொண்ணூறுகளில் கரண்ட் இல்லாத யாழ்ப்பாணத்தில் ரீவியும் வீடியோ டெக்கும் வாடகைக்கு எடுத்து, ஜெனரேற்றர் போட்டு, ஒழுங்கைச் சனமெல்லாம் ஒரே முற்றத்தில் இருந்து படம் பார்த்தது. (மண்ணெண்ணெய் தேடின கதை வேறு.) ஒரு மாதிரியான பாட்டு வந்தால் யாராவது பெரியவர் ‘ஓடவிடடா’ என்பார், அந்தக் கட்டத்தை வேகமாகக் கடத்திவிடச் சொல்லி. மழைப்பாட்டு ஓடிவிடும். ஆனால் பள்ளிக்கூடம் போகிற பெட்டைக்குப் பின்னால் கதாநாயகன் சைக்கிளில் திரிந்து, வழிமறித்து, திட்டு வாங்கி, கடைசியில் அவளைச் சம்மதிக்க வைக்கிற கட்டத்தை ஒருவரும் ஓடவிடச் சொன்னதில்லை. குஞ்சுகுருமான் எல்லாம் சேர்ந்து சிரித்தது.

இந்தியத் தணிக்கையும் பெரும்பாலும் அந்தப் பெரியவரைப் போலத்தான். திரையில் முத்தத்தை அனுமதிக்கலாம் என்று, தணிக்கையை ஆராய இந்திய அரசு அமைத்த கோஸ்லா குழு 1969 இலேயே சொல்லியும், சண்டை உதட்டையும் துணியையும் விட்டு நகரவில்லை. பெண்ணைப் பின்தொடர்வது அங்கே தனிக் குற்றமானதே 2013 இல்தான். 2016 இல் சென்னை நுங்கம்பாக்கம் ரயில் நிலையத்தில் ஒரு பெண் வெட்டிக் கொல்லப்பட்டு, அவளைப் பின்தொடர்ந்த ஒருவன்தான் செய்தான் என்று பொலிஸ் சொன்னபோது, தமிழ்ப்படக் காதலனைப் பற்றிய கேள்வி பலமாக எழுந்தது.

போன் பாட்டைக் கதையிலிருந்து பிய்த்தெடுக்கிறது. எந்த இடத்தில் விரல் நின்றது என்று கணக்கு வைத்து, அதே மாதிரியானதைத் திரும்பத் திரும்பக் கொடுக்கிறது. ‘ஓடவிடடா’ என்று சொல்லப் பக்கத்தில் ஆளும் இல்லை. உங்கள் கவலை நியாயம்தான். ஆனால் எனக்குப் பயம் ஆடையைப் பற்றியில்லை. ‘உன்ரை படத்தை பேஸ்புக்கிலை போடுவன்’ என்று வெருட்டுகிற பெடியனைப் பற்றித்தான். மாட்டேன் என்று சொன்னவளை விடாமல் துரத்துகிறவனை வீரனாக அவனுக்கு முதலில் காட்டியது போன் இல்லையே, நாங்கள் எல்லோரும் கூடி ரசித்த படம்தானே?

இந்த வெருட்டு பழையது. சங்கப் பாட்டில் மடலேறுகிறவன், விரும்பியவளைத் தனக்குத் தரச்சொல்லி ஊரை நெருக்க, அவளின் உருவத்தைத் துணியில் எழுதிக்கொண்டு, பனைமடல் குதிரையில் ஊர்த்தெருவுக்கு வருவான். ஏறுவேன் என்று சொல்வதைத் தொல்காப்பியம் பொறுத்துக்கொண்டது. ஏறியேவிட்டால் பெருந்திணை, அதாவது பொருந்தாக் காமம், என்று ஒதுக்கியது. இருவர் மனமும் ஒத்த காதலான அன்பின் ஐந்திணையில் அவனுக்கு இடமில்லை. அவள் மனம் அறியாத ஒருதலைக் காமத்தையும் கைக்கிளை என்று வெளியே வைத்தது. மடலேறிய பாட்டுகள் உள்ள கலித்தொகையை 1887 இல் அச்சேற்றியவர் எங்கள் சிறுப்பிட்டி சி.வை. தாமோதரம்பிள்ளை. காமத்தைப் பற்றிக் கதைக்க எங்களுக்கு இந்தியப் படம் வந்துதான் வாய் திறக்க வேண்டும் என்றில்லை.

போனைப் பறித்தால் கூட்டாளியின் போனில் பார்ப்பான். அதனால் ஒன்று செய்து பாருங்கள். அடுத்த தமிழ்ப் பாடத்தில், அவர்களுக்குப் பிடித்த படக் கதாநாயகன் ஐந்திணையா, கைக்கிளையா, பெருந்திணையா என்று கேளுங்கள். பெடியள் சண்டைக்கு வருவாங்கள், வரட்டும். பெட்டையளை முதலில் கதைக்க விடுங்கள்.