'கல்யாண பரிசு' படத்தில் தங்கவேலுவின் மனைவியாக வரும் நடிகை யார்? அவரைப் பற்றிச் சொல்ல முடியுமா?

அவர் பெயர் எம். சரோஜா. அந்தப் படத்தின் கதாநாயகியே பி. சரோஜாதேவி, போதாக்குறைக்கு, நடனத்தால் பெயர் பெற்ற ஈ.வி. சரோஜாவும் அதே காலத்தவர். மூவரில் நகைச்சுவைக்கு வந்தவரின் பெயர்தான் முதலில் மறந்துபோயிற்று.

சேலத்துக்காரனான எனக்கு அவர்மீது தனி உரிமை உண்டு என்று நினைத்துக்கொள்வேன். டி.ஆர். சுந்தரம் இயக்கிய 'சர்வாதிகாரி' (1951) படத்தின் மூலம்தான் அவர் திரைக்கு வந்தார். எம்.ஜி.ஆரும் அஞ்சலிதேவியும் நடித்த அந்தப் படம் எங்கள் ஊர் மாடர்ன் தியேட்டர்ஸின் தயாரிப்பு. படப்பிடிப்புத் தளம், ஒலிப்பதிவு, படச்சுருள் கழுவும் கூடம் என எல்லாவற்றையும் ஒரே மதிலுக்குள் வைத்துக்கொண்டு, நடிகர்களையும் தொழில்நுட்பக் கலைஞர்களையும் மாதச் சம்பளத்தில் அமர்த்தி, ஓர் ஆலையைப் போல நேரம் தவறாமல் நடந்த நிறுவனம் அது. கதாநாயகர்களே 'முதலாளி' சுந்தரத்துக்கு அஞ்சி நடந்த இடத்தில் ஒரு புதுமுகம் என்ன பாடுபட்டிருப்பார் என்று யோசித்ததுண்டு. இன்று அஸ்தம்பட்டியைத் தாண்டி ஏற்காடு சாலையில் போனால் அதன் முகப்பு வளைவு மட்டும் நிற்கிறது.

இனி உங்கள் கேள்விக்குரிய படம். ஸ்ரீதர் இயக்கி 1959ஆம் ஆண்டு வெளிவந்த 'கல்யாண பரிசு' படத்தில், மன்னார் அண்டு கம்பெனியில் வேலை பார்ப்பதாகவும் எழுத்தாளர் பைரவன் தானே என்றும் மனைவியிடம் அளந்துவிடுகிறார் தங்கவேலு. சிரிப்புக்கான பாராட்டு முழுவதும் அவருக்கே போயிற்று. அது சரியன்று என்பது என் கருத்து. பொய் சொல்பவரைவிட அதை நம்புபவரின் வேலை கடினமானது. ஒரு கணம் சந்தேகப்பட்டாலும் நகைச்சுவை உடைந்துவிடும், முட்டாளாகத் தெரிந்தாலும் நமக்கு எரிச்சல் வரும். சரோஜாவோ, கணவனின் பெருமையில் பூரித்துப்போகும் சாதாரணக் குடும்பப் பெண்ணாகவே கடைசிவரை நிற்கிறார்.

    

தங்கவேலுவும் சரோஜாவும் வாழ்க்கையிலும் கணவன் மனைவியாயினர். 1994இல் தங்கவேலுவும், 2012இல் சரோஜாவும் காலமானார்கள்.

சரோஜாவின் நடிப்பைப் பார்க்க விரும்பினால் 'கல்யாண பரிசு' படத்தின் மன்னார் அண்டு கம்பெனிக் காட்சியை இரண்டு முறை பாருங்கள். முதல் முறை உங்கள் கண் தங்கவேலுவைவிட்டு அகலாது; அதில் தவறில்லை. இரண்டாம் முறை, அவர் பேசிக்கொண்டிருக்கும்போது சரோஜாவின் முகத்தை மட்டும் பாருங்கள்.