எப்போ மறக்கும் என்று மட்டும் கேட்காதீர்கள்

கும்பகோணத்தில் மனநல ஆலோசகராக இருக்கிறேன். பிரிவு, இழப்பு பற்றி வந்த கேள்விகளுக்கு முடிந்தவரை பதில் சொல்கிறேன்.

கேள்வி: மனைவி தவறி எட்டு மாதம். ஜவ்வாது வாசம் பட்டாலே உட்கார்ந்துவிடுகிறேன். கொல்லையில் கூப்பிடுவது போலவும் கேட்கிறது. பைத்தியமா? (திருவையாறு)

இல்லை அண்ணே. கண்ணில் படுவதும் காதில் விழுவதும் மூளையில் தலாமஸ் என்ற செக்போஸ்ட்டில் நின்றுதான் போகும். வாசம் மட்டும் அங்கே நிற்காமல், உணர்ச்சியும் நினைவும் இருக்கிற அமிக்டலா, ஹிப்போகாம்பஸ் பக்கம் நேரே நுழைந்துவிடும், அதனால்தான் போட்டோவைப் பார்த்துத் தாங்குகிறவர்கூடப் புடவையை எடுத்து மோந்தால் உடைந்துபோகிறார். குரல் கேட்பதும் துணையை இழந்த பலருக்கு உண்டு, வெளியே சொல்லமாட்டார்கள். அப்பா போன பிறகு எங்கள் அம்மா இரண்டு டம்ளரில் காபி ஆற்றிவிட்டு, ஒன்றைத் திரும்பப் பாத்திரத்தில் ஊற்றுவார். ஒரு வருடம் தாண்டியும் தினம் இதே ஏக்கத்தில் வயலுக்குக்கூடப் போக முடியவில்லை என்றால் டாக்டரைப் பாருங்கள். அமெரிக்க மனநல மருத்துவர்களின் கையேட்டில் 2022-ல் இதை நீடித்த துக்கம் என்று தனியாகவே சேர்த்தார்கள். தூக்க மாத்திரையை நீங்களாக வாங்காதீர்கள்.

கேள்வி: காதலித்த பெண்ணுக்குக் கல்யாணம் ஆகிவிட்டது. எப்போ மறக்கும்? (மன்னார்குடி)

மறக்காது தம்பி. வருவது குறையும். அவர் ஸ்டேட்டஸைப் பார்ப்பதை நிறுத்துங்கள். குவார்ட்டரையும்தான்.

கேள்வி: எப்போ மறக்கும்? (பாபநாசம்)

மேலே படிக்கவும்.

கேள்வி: வாழவே பிடிக்கவில்லை. (வலங்கைமான்)

இப்போதே அரசின் மனநல உதவி எண் 14416-க்குக் கூப்பிடுங்கள், காசில்லை, தமிழில் பேசலாம். பக்கத்தில் யாரையாவது இருக்கச் சொல்லுங்கள்.

கேள்வி: துக்கத்துக்கு ஐந்து கட்டமாமே, எனக்கு ஐந்தாவதான ஏற்றுக்கொள்ளல் வரவில்லை. (தஞ்சாவூர்)

மனநல மருத்துவர் கூப்ளர்-ராஸ் 1969-ல் அதை எழுதியது, சாகப்போகிற நோயாளிகளிடம் பேசிவிட்டு. டவுன் பஸ் ஸ்டாப் மாதிரி வரிசையாக வராது.

கேள்வி: அவர் கடிதங்களை ஆடிப்பெருக்கன்று காவிரியில் விட்டுவிடலாமா? (மயிலாடுதுறை)

அவசரப்படாதீர்கள் என்று நான் சொல்வதற்குள், புதுப்பெண்கள் கல்யாண மாலையை விடுகிற நாளில் இதையா விடுவது என்று திருவிடைமருதூர் வாசகர் ஒருவர் சண்டைக்கு வந்துவிட்டார். மாலையும் முடிந்துபோன ஒன்றின் மிச்சம்தானே என்றார் குத்தாலத்து அக்கா. ஆற்றில் எதையும் போடாதீர்கள் என்று இன்னொருவர். சரி, என் கதையைச் சொல்கிறேன். இருபத்தைந்து வயதில் ஒரு கட்டுக் கடிதத்தை அரசலாற்றில் எறிந்தேன். முழங்கால் தண்ணீர்கூட இல்லை. மறுநாள் காலை துணி துவைக்கிற அம்மா ஒருவர் எடுத்து, கல்லில் காயவைத்து, கவரில் இருந்த விலாசம் பார்த்து வீட்டில் கொடுத்துவிட்டுப் போனார். வாங்கியது என் அப்பா.

கேள்வி: எப்போ மறக்கும்? (நாகை)

அடப் போங்கப்பா.