தணிக்கை போன பிறகு ஆவணப்பட இயக்குநருக்கு வேலை எளிதாகிவிடுமா?

அரசுத் தணிக்கைக்குள் பல ஆண்டுகள் படமெடுத்தவருக்கு, தணிக்கை ஒழிந்த பிறகு வேலை எளிதாகிவிடுமா என்று கேட்டிருக்கிறீர்கள். நான் படத்தொகுப்பாளன். என் தொழிலைப் பற்றி எனக்கு அதிகம் கற்றுக்கொடுத்த ஒருவரின் வாழ்க்கையை வைத்தே பதில் சொல்கிறேன். அவர் போலந்தின் ஆவணப்பட இயக்குநர் மார்செல் வோஜின்ஸ்கி.

1940இல் பாரிஸில் பிறந்தவர். லோட்ஸ் திரைப்படப் பள்ளியில் பயின்று, 70களில் வார்சாவிலுள்ள அரசு ஆவணப்பட நிறுவனத்தில் பணியாற்றியவர். கச்சா ஃபிலிம், கேமரா, லேப், திரையரங்கு எல்லாமே கம்யூனிஸ்ட் அரசின் கையில் இருந்த காலம் அது. முடிந்த படத்தை அதிகாரிகள் போட்டுப் பார்ப்பார்கள். பிடிக்காவிட்டால் பெட்டி அலமாரிக்குப் போய்விடும். இளம் தம்பதிகளுக்காக சோஷலிச இளைஞர் அமைப்பு நடத்திய கோடை முகாமில், சிறந்த குடும்பம் எது என்று வைத்த போட்டியை அவர் 1977இல் ‘எப்படி வாழ்வது’ என்ற படமாக எடுத்தார். அது மக்கள் பார்வைக்கு வந்தது 1981இல்தான்.

ஆனால், அவர் தடைகளைத் தாண்டிய வீரர் என்று மட்டும் சொல்லி நிறுத்தினால் அவரைப் புரிந்துகொள்ளாமல் போய்விடுவோம். தணிக்கையாளர் செய்கிற வேலை எது என்பதையே அவர் படத்தின் பொருளாக்கினார். 1980இல் வந்த ‘ஒலிவாங்கிச் சோதனை’யில், வார்சாவின் அழகுசாதனத் தொழிற்சாலை ஒன்றின் உள்வானொலியை நடத்தும் இளைஞர், இந்தத் தொழிற்சாலைக்கு நீங்களும் பொறுப்பாளர் என்று உணர்கிறீர்களா என்று தொழிலாளர்களைக் கேட்டுக்கொண்டே போகிறார். தொழிலாளரின் அரசு என்று பெயர் வைத்துக்கொண்ட நாட்டில், அதைவிடச் சாதாரணமான கேள்வி இருக்க முடியாது. பிறகு அந்த ஒலிநாடா நிர்வாகத்தினர் முன் ஓடுகிறது. அவர்கள் அதைக் கேட்கும் முகங்களைக் கேமரா பார்த்துக்கொண்டிருக்கிறது. ஒரு சொல்லுக்கு அனுமதி மறுக்கப்படும் கணம் எப்படியிருக்கும் என்பதை அங்கே நேராகக் காணலாம்.

80களின் நடுவில் எடுத்த ‘பட்டறைப் பயிற்சிகள்’ என் தொழிலையே தொட்டது. இன்றைய இளைஞர்களைப் பற்றி என்ன நினைக்கிறீர்கள் என்று தெருவில் போகிறவர்களிடம் கேட்கிறார்கள். பதில்களை முதலில் உள்ளபடியே பார்க்கிறோம். பிறகு அதே முகங்கள், அதே உதட்டசைவுகள், ஆனால் ஒலி வெட்டி ஒட்டப்பட்டிருப்பதால் சொன்னதற்கு நேர்மாறாகப் பேசுகிறார்கள். எங்கே வெட்டியிருக்கிறது என்று தெரிந்திருந்தும், இரண்டாவது முறை பார்க்கும்போது நான் நம்பத் தொடங்கியிருந்தேன். சில ஆண்டுகளுக்கு முன், நலத்திட்டம் பற்றிய குறும்படம் ஒன்றில், ‘பணம் வந்தது, ஆனால்’ என்று தொடங்கிய ஒரு பெரியவரின் பேச்சை ‘வந்தது’ என்பதோடு நிறுத்தியவன் நான். எந்தத் தணிக்கை அதிகாரியும் கேட்கவில்லை. வாடிக்கையாளர் நேரம் குறைவு என்றார், அவ்வளவுதான். அந்தப் பெரியவர் வாயைத் திறந்தபடி நிற்கும் கடைசிச் சட்டகத்தை இன்றும் மறக்க முடியவில்லை.

வார்சாவின் மிசியா தெருவில் இருந்த தணிக்கை அலுவலகம் 1990இல் மூடப்பட்டது. அதற்கு முந்தைய பல பத்தாண்டுகள், 1940இல் சோவியத் ரகசியக் காவல்துறை கத்தீன் (Katyn) என்ற இடத்தில் போலந்து ராணுவ அதிகாரிகளைச் சுட்டுக் கொன்ற படுகொலைக்குச் சோவியத்தே பொறுப்பு என்று எழுத முடியாது. 1990இலேயே வோஜின்ஸ்கி அந்தக் கத்தீன் காட்டைப் பற்றிப் படமெடுத்தார். 1946இல் கியெல்ட்சே நகரில் யூதர்கள் கொல்லப்பட்டதைப் பற்றிய சாட்சியங்களை அதற்கு முன்பே பதிவு செய்திருந்தார். 1993இல் வந்த ‘ஐரோப்பாவிலிருந்து 89 மில்லிமீட்டர்’ ஆஸ்கர் பரிந்துரை பெற்றது. சோவியத் தண்டவாளம் ஐரோப்பியத் தண்டவாளத்தைவிட அகலமானது என்பதால் பெலாரூஸின் பிரெஸ்ட் நகரில் ரயில் பெட்டிகளைத் தூக்கிச் சக்கரங்களை மாற்றுகிறார்கள். மேலே ஜன்னலில் பயணிகள், கீழே கிரீஸ் படிந்த தொழிலாளர்கள். அந்த இரு வரிசைப் பார்வைகளும்தான் படம்.

எனினும், உங்கள் கேள்விக்கு நேரான பதில் வேறொரு படத்தில் இருக்கிறது என்றே நினைக்கிறேன். 1974இல் ‘வருகை’ என்ற சிறு படத்தை எடுத்திருந்தார். கிராமத்தில் தனியாக விவசாயம் பார்த்துக்கொண்டு, நிறைய வாசிக்கும் ஓர் இளம்பெண்ணைத் தேடி நகரத்திலிருந்து ஒரு பத்திரிகையாளர் வருகிறார். அவர் கேட்கும் கேள்விகள், அந்தப் பெண் தேர்ந்தெடுத்த வாழ்க்கைக்கு அவரிடமே விளக்கம் கேட்பதுபோல் அழுத்திக்கொண்டே போகின்றன. பார்க்கிற நமக்கே அந்த இடத்தைவிட்டு எழுந்து போகத் தோன்றும். அந்த அழுத்தத்தில் தணிக்கைக்குப் பங்கில்லை. அது முழுக்கப் படக்குழு கொண்டுபோனது. எதையும் எடுக்கலாம் என்ற நிலை வந்து பல ஆண்டுகள் கழித்து, 1998இல், வோஜின்ஸ்கி அதே பெண்ணைத் தேடி அதே பண்ணைக்குத் திரும்பினார். அந்தப் படத்துக்கு அவர் வைத்த பெயர் ‘வலிக்காமல் இருக்க’.

வெளியிலிருந்த கத்தரிக்கோல் போன பிறகு அவர் தன் கையிலிருந்ததைத் திருப்பிப் பார்த்தார். அந்த வேலை முன்னதைவிட எளிதாக இருந்திருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை. இரண்டு படங்களையும் ஒரே மாலையில், எடுக்கப்பட்ட வரிசையிலேயே பாருங்கள். இரண்டாவதில் அந்தப் பெண் பதில் சொல்லுமுன் எடுத்துக்கொள்ளும் நேரத்தைக் கவனியுங்கள்.