இத்தாலியத் தயாரிப்பாளர்கள்: கேள்வி பதில்

கே: சார், 1950, 60களில் இத்தாலியத் தயாரிப்பாளர்கள் சொந்தக் காசைப் போட்டா படம் எடுத்தார்கள்?

ப: சொந்தக் காசு கடைசியில்தான் வெளியே வரும். பல நேரம் வரவே வராது.

முதலில் கதைச் சுருக்கம், இயக்குநர் பெயர், இரண்டு நட்சத்திரங்களின் சம்மதம். இவற்றோடு விநியோகஸ்தரிடம் போவார்கள். அவர் 'மினிமோ கரன்டீட்டோ', அதாவது குறைந்தபட்ச உத்தரவாதத் தொகை, தருவார். நம் வியாபாரத்தில் எம்.ஜி. என்கிறோமே, அதேதான். ஆனால் ரொக்கமாக இல்லை, இத்தனை மாதம் கழித்து இவ்வளவு தருகிறேன் என்று தேதி போட்ட புரோநோட்டுகளாக. அதை வங்கியில் கொடுத்தால் வட்டியை முன்கூட்டியே கழித்துக்கொண்டு மீதியைக் கையில் தருவார்கள். பாங்க்கா நாசியோனாலே டெல் லவோரோ என்ற வங்கியில் 1935 முதலே சினிமாவுக்கென்று தனிக் கடன் பிரிவு இருந்தது. 1949இல் ஆந்த்ரேயோத்தி சட்டம் என்ற சினிமா உதவிச் சட்டம் வந்தபின் வசூலில் ஒரு சதவீதம் அரசு உதவியாகக் கிடைத்தது. அதே ஆண்டு பிரான்சோடு கூட்டுத் தயாரிப்பு ஒப்பந்தம். படம் இரண்டு நாட்டிலும் உள்நாட்டுப் படம், இரண்டு அரசின் சலுகையும் உண்டு.

எங்கே கவிழும் என்றால், தேதியில். படப்பிடிப்பு ஆறு வாரம் இழுத்தால் வெளியீடும் தள்ளும், நோட்டின் தேதி தள்ளாது. விநியோகஸ்தர் கைவிரித்தால் வங்கி தயாரிப்பாளரின் கழுத்தைத்தான் பிடிக்கும், பின்னால் கையெழுத்துப் போட்டவர் அவர்தானே. அதனால் அடுத்த படத்தின் முன்பணத்தை வாங்கி இந்தப் படத்தின் கடனை அடைப்பார்கள். படங்கள் வரிசையாக ஓடும்வரை இது தெரியாது. டைட்டானுஸ் நிறுவனத்தின் கொஃப்ரேதோ லொம்பார்டோவுக்கு 'சோதோமும் கொமோராவும்', 'சிறுத்தை' இரண்டிலும் செலவு கைமீறியது. 'சிறுத்தை' 1963இல் கான் விழாவில் தங்கப் பனை வாங்கியது. ஆனாலும் 1964இல் டைட்டானுஸ் தயாரிப்பை நிறுத்த வேண்டிவந்தது.

கே: ஒரே படத்துக்கு இத்தாலியப் பிரதியில் ஒரு திரைக்கதை ஆசிரியர், பிரெஞ்சுப் பிரதியில் இன்னொருவர். எது சரி?

ப: பெயர்ப்பட்டியலை நம்பாதீர்கள். கூட்டுத் தயாரிப்பில் ஒவ்வொரு நாட்டுக்கும் இத்தனை கலைஞர்கள் என்று பங்கு உண்டு. அந்தக் கணக்கை நிரப்ப, ஒரு வரிகூட எழுதாதவர் பெயரும் ஏறும்.

கே: பெயர்ப்பட்டியலில் வரும் 'ஒர்கனிஸ்ஸாதோரே', 'திரெத்தோரே தி ப்ரொதுட்சியோனே', இருவரும் ஒருவரா?

ப: இல்லை. முதலாமவர் தயாரிப்பாளரின் வலக்கை, மொத்தச் செலவுக்கும் பொறுப்பு. இரண்டாமவர் படப்பிடிப்பை அன்றாடம் நடத்துபவர். திரைக்கதையைக் காட்சி காட்சியாகப் பிரித்து, எதற்கு எந்த நடிகர், எந்த உடை, எத்தனை குதிரை என்று எழுதுவது 'ஸ்போல்யோ'. அதிலிருந்துதான் நாள்வாரித் திட்டமும் மதிப்பீடும் பிறக்கும். ஸ்போல்யோவில் குதிரை விட்டுப்போனால் மதிப்பீட்டிலும் குதிரை இருக்காது. இருவருக்கும் கீழே தயாரிப்பு இன்ஸ்பெக்டர், தயாரிப்புச் செயலாளர். பெயர் அட்டையில் வரும் பதவியை வைத்து யார் என்ன செய்தார் என்று முடிவு கட்ட வேண்டாம், மேலே சொன்னதேதான்.

கே: குறைந்த செலவில் எடுத்த கௌபாய் படங்களில் தயாரிப்பாளருக்கு என்ன ஆபத்து?

ப: உரிமை வாங்காமல் எடுப்பது. 1964இல் இயக்குநர் லியோனே எடுத்த 'எ ஃபிஸ்ட்ஃபுல் ஆஃப் டாலர்ஸ்' ஜப்பானிய இயக்குநர் குரோசாவாவின் 'யோஜிம்போ'வைத் தழுவியது. வழக்கு வந்து, உலக வசூலில் 15 சதவீதத்தோடு ஜப்பான், தைவான், தென்கொரிய உரிமையும் குரோசாவா தரப்புக்குப் போயிற்று. கதாநாயகன் ஈஸ்ட்வுட் வாங்கிய சம்பளமே 15,000 டாலர்தான்.

கே: தயாரிப்பாளர்களுக்குப் பணம் யார் கொடுத்தார்கள்?

ப: முதல் பதில்.

கே: இத்தாலிய டப்பிங் பற்றி?

ப: அது ஒலிக்காரர்களைக் கேட்க வேண்டியது.

கே: 'சினிமா பாரடைசோ'வை வெட்டிக் கெடுத்தவர் தயாரிப்பாளர் கிறிஸ்டால்டிதானே? காசாசை!

ப: 1988இல் இத்தாலியில் வெளியான 155 நிமிடப் பிரதி ஓடவில்லை. 124 நிமிடமாக்கிய பிறகுதான் 1989இல் கான் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பெரும் பரிசும் 1990இல் ஆஸ்காரும்.

கணக்கைப் பாருங்கள். இரண்டு மணி நேரப் படத்தை இத்தாலியத் திரையரங்கில் 3.30, 5.50, 8.10, 10.30 என்று நான்கு காட்சி ஓட்டலாம். 155 நிமிடத்துக்கு மூன்றுதான். கால்வாசி இருக்கை போச்சு.

கே: (முன்பு கேட்டவரே) இருக்கைக் கணக்கா கலை? 173 நிமிடப் பிரதியில் நாயகனின் பழைய காதலி எலேனா திரும்பி வருகிறாள். அதுதானே கதையே!

ப: வருகிறாள், தியேட்டரில் புரொஜெக்டர் ஓட்டும் ஆல்ஃபிரெதோ அவர்களைப் பிரிக்க என்ன செய்தார் என்பதையும் உடைத்துவிடுகிறாள். அது தெரிந்த பிறகு அவர் நாயகனுக்கு விட்டுப்போன முத்தக் காட்சிச் சுருளைப் பரிசாக மட்டும் பார்க்க முடியாது, பாதி பிராயச்சித்தம் ஆகிவிடுகிறது. இரண்டும் இரண்டு வேறு படங்கள். இதில் சிறியதே மேல் என்பது என் கட்சி.

கே: (இன்னொருவர்) நானும் 173 நிமிடப் பிரதியின் கட்சிதான். தயாரிப்பாளர் கத்திரியைத் தொடவே கூடாது.

ப: கிறிஸ்டால்டி 'அமர்கோர்டு', 'இத்தாலிய முறை விவாகரத்து' இரண்டையும் தயாரித்தவர். சினிமா தெரியாத வட்டிக்காரர் இல்லை. இந்தச் சண்டையில் இன்னும் ஏழு கேள்வி வந்திருக்கிறது, ஏழுக்கும் இதுவே பதில்.

கே: பெண் தயாரிப்பாளர் யாருமே இல்லையா சார்?

ப: நல்ல வேளை, வேறு கேள்வி. மரீனா சிகோன்யா. யூரோ இன்டர்நேஷனலில் விநியோகத்தில் தொடங்கி, தயாரிப்புக்கு வந்தவர். எலியோ பெத்ரியின் 1970 படம் அங்கிருந்துதான் ஆஸ்காருக்குப் போனது.

கே: பணம் எங்கிருந்து...

ப: முதல் பதில். முதல் பதில்.