இரண்டு தளங்களுக்கு ஒரே லாகின்: குக்கீ எங்கே தடுக்கப்படுகிறது என்று முதலில் பாருங்கள்

கேள்வி: “எங்களுக்கு இரண்டு இணையதளங்கள். ஒன்றில் நுழைந்தவர் மற்றொன்றிலும் கடவுச்சொல் இல்லாமல் நுழைய வேண்டும். குரோமில் சரியாக இருக்கிறது. ஐபோனில் லாகின் பக்கமே திரும்பத் திரும்ப வருகிறது. பிழையை எங்கே தேடுவது?”

பதில்: கடலூர் மஞ்சக்குப்பத்தில் ஒரு பயிற்சி நிலையத்துக்காக இதே வேலையைச் செய்திருக்கிறேன். பாடங்களுக்கு ஒரு தளம், மாதிரித் தேர்வுக்கு இன்னொன்று, இரண்டுக்கும் வெவ்வேறு டொமைன். தேர்வுப் பக்கத்தைப் பாடத் தளத்துக்குள் ஐஃப்ரேமாக, அதாவது ஒரு பக்கத்துக்குள் இன்னொரு பக்கத்தைக் காட்டும் சட்டமாகப் பதித்திருந்தோம். ஒரு காலைத் தேர்வின்போது திருப்பாதிரிப்புலியூரிலிருந்து ஒரு மாணவி போன் செய்தாள். “சார், பாஸ்வேர்டு சரியாகத்தான் போடுகிறேன், மறுபடியும் கேட்கிறது” என்றாள். நேரம் ஓடிக்கொண்டிருந்தது. அந்தப் பெண் அன்று தேர்வு எழுதவில்லை. இன்றும் எனக்கு அது உறுத்துகிறது.

மூன்று நாள் சர்வர் நிரலைப் புரட்டினேன். விடை பிரவுசரிலேயே இருந்தது. எஃப்12 அழுத்தி நெட்வொர்க் பகுதிக்குப் போங்கள். ‘பிரிசர்வ் லாக்’ என்பதைக் கட்டாயம் தேர்ந்தெடுங்கள்; இல்லாவிட்டால் பக்கம் மாறும்போது முந்தைய பதிவுகள் அழிந்துவிடும், லாகினில் நமக்கு வேண்டியதே அந்தப் பதிவுகள்தான். பிறகு லாகின் செய்து, அந்தக் கோரிக்கையைத் திறந்து, சர்வர் அனுப்பிய ‘செட்-குக்கீ’ வரியைப் பாருங்கள். நுழைந்தவரை அடுத்த முறை அடையாளம் காண, சர்வர் பிரவுசரில் வைக்கச் சொல்லும் சிறு தகவல்தான் குக்கீ. எனக்கு அதன் பக்கத்தில் ஒரு மஞ்சள் முக்கோணம் இருந்தது. சுட்டியை அதன்மேல் வைத்ததும் காரணம் தெரிந்தது: சர்வர் குக்கீயைக் கொடுத்திருக்கிறது, பிரவுசர் வாங்கவில்லை.

2020 பிப்ரவரியில் வந்த குரோம் 80 முதல், ‘சேம்சைட்’ (பிற தளங்களுக்குள்ளிருந்தும் குக்கீ செல்லலாமா என்று சொல்லும் குறிப்பு) குறிப்பிடாத குக்கீயை ‘லாக்ஸ்’ என்றே குரோம் எடுத்துக்கொள்கிறது. வேறொரு தளத்துக்குள் பதித்த ஐஃப்ரேமில் லாக்ஸ் குக்கீ செல்லாது. ‘சேம்சைட்=நன்’ (எங்கும் செல்லலாம்), ‘செக்யூர்’ (எச்டிடிபிஎஸ் இணைப்பில் மட்டும்) இரண்டையும் சேர்த்ததும் குரோம் சரியானது. ஐபோன் சரியாகவில்லை. சஃபாரி 2020 மார்ச்சிலிருந்தே பிற தளக் குக்கீகளை முழுவதும் தடுக்கிறது. அதற்கு நீங்கள் எந்தக் குறிப்பைச் சேர்த்தாலும் பயனில்லை. உங்கள் சிக்கலும் இந்த இடத்தில்தான் இருக்கும் என்று நினைக்கிறேன்.

ஐஃப்ரேமைத் தூக்கிவிடுங்கள். லாகினுக்கென்று தனியாக ஓர் இடம் வைத்து, இரண்டு தளங்களும் பயனரை முழுப் பக்கமாக அங்கே அனுப்பட்டும். முகவரிப் பட்டையில் அந்தத் தளமே இருப்பதால் அதன் குக்கீ அங்கே சொந்தக் குக்கீ, சஃபாரியும் தடுக்காது. ஏற்கெனவே நுழைந்தவர் என்றால் கடவுச்சொல் கேட்காமல், ஒருமுறை மட்டுமே செல்லும் ஒரு குறியீட்டோடு திருப்பி அனுப்பும். அந்தக் குறியீட்டை உங்கள் சர்வர் லாகின் தளத்திடம் கொடுத்து, நுழைந்தவர் யார் என்று காட்டும் சீட்டான டோக்கனை வாங்கிக்கொள்ளும். 2012-இன் ஓஆத் 2.0 என்ற அனுமதி நெறிமுறையின் மேல் 2014-இல் கட்டிய ஓபன்ஐடி கனெக்ட் என்ற லாகின் நெறிமுறை இந்த முறைதான். பயனரை லாகினுக்கு அனுப்பும்போது கூடவே கொடுத்த, யூகிக்க முடியாத ‘ஸ்டேட்’ மதிப்பு மாறாமல் திரும்பி வந்ததா என்று சரிபார்க்கத் தவறாதீர்கள். வேறொருவரின் கணக்குக்குள் பயனரை நுழைக்கும் தந்திரத்தை அது தடுக்கிறது.

இரண்டும் ஒரே டொமைனின் கிளைகள் என்றால் இவ்வளவு வேண்டாம். தாய் டொமைனுக்குக் குக்கீ வைத்தாலே போதும். ஆனால் எல்லாக் கிளைகளுக்கும் அது போகும். ஒரு கிளையை வெளியார் நடத்தினால் அப்படிச் செய்யாதீர்கள்.

கடவுச்சொல் பட்டியலை இரண்டு தளங்களிலும் நகல் எடுத்து வைக்கும் யோசனையைச் சிலர் சொல்வார்கள். வேண்டவே வேண்டாம். ஒன்று கசிந்தால் இரண்டும் போகும்.

இவ்வளவுக்குப் பிறகும் சரியாகாவிட்டால் நெட்வொர்க் பதிவை இங்கே போடுங்கள், பார்க்கிறேன். அதில் குக்கீயும் டோக்கனும் அப்படியே இருக்கக்கூடும் என்பதால், உண்மையான மாணவர் கணக்கில் எடுக்காமல் சோதனைக் கணக்கு ஒன்றை உருவாக்கி, அதில் எடுத்த பதிவை மட்டும் போடுங்கள்.